இது எதுக்கு ஆவும்?

எந்தச் செடியைக் கண்டாலும் அம்மா பெயரைக் கேட்க மாட்டாள். "இது எதுக்கு ஆவும், பாப்பா?" என்றுதான் கேட்பாள். குழம்புக்கு ஆகுமா, வயிற்றுவலிக்கு ஆகுமா, ஆட்டுக்குப் போடலாமா, வேலிக்காவது நிற்குமா. பேராக்கில் ஒரு ரப்பர்த் தோட்டத்து லயத்தில் பிறந்து, 12 வயதில் தன் தாயோடு பால் வெட்டப் போனவள். இப்போது 78 வயதில், கலிஃபோர்னியாவில், சான் ஹோசேக்குக் கிழக்கே மலையடிவாரத்தில் இருக்கும் எங்கள் வீட்டின் பின்வாசலில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்து அதே கேள்வியைக் கேட்கிறாள்.

சென்ற ஆகஸ்டில் அவள் விரல் நீட்டிக் கேட்டது, வேலிக்கு அப்பால் சரிவில் பூத்திருந்த கோல்டன்ராடைப் பற்றி.

இங்கே கோடையில் மழை இல்லை. ஜூன் பிறப்பதற்குள் மலை முழுக்க வைக்கோல் நிறமாகிவிடும். 'பொன்மலைகள்' என்று படம் எடுத்துப் போடுகிறார்களே, அந்தப் பொன் பெரும்பாலும் காட்டு ஓட்ஸ் போன்ற புற்கள். மத்தியதரைக்கடல் பக்கமிருந்து ஐரோப்பியர்களோடு வந்து சேர்ந்தவை. மழைக்காலத்தில் முளைத்து, விதை உதிர்த்து, கோடை வந்ததும் செத்துப்போகும். அந்தச் செத்த புல்லுக்கு நடுவே, இனி இந்த வருடம் ஒன்றும் பூக்காது என்று தோன்றும் நேரத்தில், இந்தச் செடி முழங்கால் உயரத்துக்கும் இடுப்பு உயரத்துக்கும் எழுந்து நின்று மஞ்சளாகப் பூக்கிறது. தாவரவியலார் வைத்த பெயர் சாலிடாகோ வெலுடினா. வெலுடினா என்றால் வெல்வெட் போன்றது. தண்டிலும் இலையிலும் குட்டையான மென்மயிர் படர்ந்திருப்பதால் தொட்டால் மெத்தென்று இருக்கும். பச்சையும் கொஞ்சம் சாம்பல் பூத்துத் தெரியும். மேலே தெரிவது காய்ந்துபோனாலும், தரைக்கடியில் கிடையாக ஓடும் தண்டு உயிரோடு இருந்து மறுபடி துளிர்க்கும். இது இந்த வறண்ட நிலத்திலேயே பிறந்த செடி.

அம்மாவுக்கு என்னால் உடனே பதில் சொல்ல முடிந்தது. ஏனென்றால் அந்தப் பதிலை நான் இரண்டு மாதங்களுக்கு முன்பே எழுத்தில் கொடுத்திருந்தேன். தீப் பயத்தால் கோடை தொடங்கும்போது சரிவிலுள்ள புல்லையும் புதரையும் வெட்டிவிடுவார்கள். இந்தத் திட்டை மட்டும் விட்டுவையுங்கள் என்று எங்கள் குடியிருப்போர் சங்கத்துக்கு ஒரு கடிதம் எழுதியிருந்தேன். காரணங்களை வரிசையாக எண் போட்டுக் கொடுத்தேன். கோடையின் முடிவில் வேறு பூ அதிகம் இல்லாதபோது தேனீக்களுக்கும் பட்டாம்பூச்சிகளுக்கும் இது உணவு. இதன் வேர் சரிவு மண்ணைப் பிடித்துவைக்கிறது. இதற்குத் தண்ணீர் பாய்ச்ச வேண்டாம். அக்கம்பக்கத்தார் பயப்படுவதுபோல் இதனால் தும்மல் வராது. இதன் மகரந்தம் கனமானது, பிசுபிசுப்பானது, பூச்சிகள் சுமந்து போவது. காற்றில் பறந்து மூக்கைத் தொல்லை செய்வது அதே பருவத்தில் பூக்கும் ராக்வீட். சங்கத்தார் ஒத்துக்கொண்டார்கள். செடி பிழைத்தது.

இதையெல்லாம் அம்மாவிடம் சொன்னேன். அவள் கேட்டு முடித்துவிட்டு, "அப்பன்னா சரி, இருந்துட்டுப் போவட்டும்" என்றாள். செடிக்கு இரண்டாவது முறையாக அனுமதி கிடைத்தது.

*

அம்மாவின் கேள்வியில் தவறு காண எனக்கு உரிமையில்லை. அவள் வளர்ந்த இடத்தில் நின்றிருந்த ஒவ்வொன்றும் எதற்காவது ஆகவேண்டியிருந்தது, மரமும் மனிதரும் உட்பட.

ரப்பர் மரமே மலாயாவைச் சேர்ந்ததல்ல. 1876-இல் ஹென்றி விக்கம் என்ற ஆங்கிலேயர் பிரேசிலிலிருந்து ஏறத்தாழ 70,000 விதைகளை லண்டன் கியூ தோட்டத்துக்குக் கொண்டுபோனார். அங்கே முளைத்த கன்றுகள் இலங்கைக்கும் சிங்கப்பூருக்கும் போயின. மரம் வந்தபின் அதை வெட்டிப் பாலெடுக்கக் கைகள் வேண்டியிருந்தன. தமிழ்நாட்டுக் கிராமங்களிலிருந்து முதலில் ஒப்பந்தத்திலும் பிறகு கங்காணிகள் வழியாகவும் நம் ஆட்கள் போய்ச் சேர்ந்தார்கள். மரமும் ஆளும் இரண்டு கண்டங்களிலிருந்து, ஒரே காரணத்துக்காக, மூன்றாவது இடத்தில் நடப்பட்டார்கள்.

விடிவதற்கு முன் பெரட்டு. பெயர் கூப்பிட்டு நிரை பிரித்துவிடுவார்கள். குளிர்ச்சி இருக்கும்போதுதான் பால் நன்றாக இறங்கும் என்பதால் இருட்டிலேயே நெற்றியில் விளக்கோடு மரம் மரமாகப் போகவேண்டும். பட்டையைச் சீவும் ஆழத்தில்தான் வித்தை இருக்கிறது. கொஞ்சம் கூடினால் மரத்தில் காயம். அந்த இடத்தில் பட்டை ஒழுங்காக வளராது. கொஞ்சம் குறைந்தால் பால் வராது. சிறுமியாக அம்மாவின் வேலை மங்கு துடைப்பது, கோட்டுப்பால் உரிப்பது. பிறகு அவளுக்கே ஒரு நிரை. பகலில் காண்டா வாளி தூக்கி ஸ்டோருக்குப் போனால் கிராணி பாலை நிறுத்து, அதில் ரப்பர் எவ்வளவு என்று பார்த்து எழுதுவார். மழை பெய்தால் வெட்டு இல்லை. வெட்டு இல்லையென்றால் கூலியும் இல்லை. "மானம் இருட்டிச்சுன்னா வவுறு இருட்டிரும்" என்று அம்மா இன்றைக்கும் சொல்வாள்.

ஒரு மரம் இருபத்தைந்து, முப்பது வருடங்கள் பால் கொடுக்கும். பிறகு குறையும். குறைந்ததும் புதிதாக நட வேண்டும். வெட்டிச் சாய்ப்பதற்கு முந்தைய ஓரிரு வருடங்கள், இனி அந்த மரத்தின் நலனைப் பார்க்க வேண்டியதில்லை என்பதால், மேலும் கீழும் பல இடங்களில் சீவி இருக்கிற பாலையெல்லாம் எடுத்துவிடுவார்கள். இதைச் சொல்லும்போது மட்டும் அம்மாவின் குரல் மாறும். "அதுங்களுக்கு ஒடம்பெல்லாம் வெட்டு" என்பாள்.

மனிதர்கள் விஷயத்திலும் கணக்கு அதிகம் வேறுபடவில்லை. 1930-களின் தொடக்கத்தில் உலகச் சந்தையில் ரப்பர் விலை சரிந்தபோது பல்லாயிரம் தமிழ்த் தொழிலாளர்கள் கப்பலேற்றி இந்தியாவுக்கே திருப்பி அனுப்பப்பட்டார்கள். என் தாத்தா குடும்பம் எப்படியோ தங்கிவிட்டது. பல பத்தாண்டுகளுக்குப் பிறகு அதே தோட்டம் செம்பனைக்கு மாறியபோது, மரங்களோடு சேர்த்து எங்கள் லயத்தையும் இடித்தார்கள்.

*

இந்தச் செடிக்கும் எங்கள் கதைக்கும் ஒரு தொடர்பு இருக்கிறது என்று எனக்கு வெகுகாலம் தெரியாது.

1922-இல் பிரிட்டிஷ் அரசு, விழுந்துகிடந்த ரப்பர் விலையைத் தூக்கிவிடுவதற்காக மலாயாவிலும் இலங்கையிலும் ஏற்றுமதிக்குக் கட்டுப்பாடு கொண்டுவந்தது. 1925-இல் விலை ராத்தலுக்கு ஒரு டாலரைத் தாண்டியது. கார்கள் பெருகிக்கொண்டிருந்த அமெரிக்கா பதறியது. நாளை போர் வந்து கப்பல் வராவிட்டால் டயருக்கு எங்கே போவது? 1927-இல் தாமஸ் எடிசன், ஹென்றி ஃபோர்டு, டயர் உற்பத்தியாளர் ஹார்வி ஃபயர்ஸ்டோன் மூவரும் சேர்ந்து, அமெரிக்க மண்ணில் விளையும் ரப்பரைத் தேடுவதற்கென்றே ஒரு தாவர ஆய்வு நிறுவனம் தொடங்கினார்கள். எடிசனுக்கு அப்போது 80 வயது. ஃப்ளோரிடாவின் ஃபோர்ட் மயர்ஸில் ஆய்வுக்கூடம். 17,000-க்கும் மேற்பட்ட தாவர மாதிரிகளைச் சோதித்துக் கடைசியில் அவர் கை வைத்தது கோல்டன்ராடில். எங்கள் சரிவில் நிற்கும் இனம் அல்ல. ஈரநிலத்தில் உயரமாக வளரும் அதன் உறவு ஒன்று.

கோல்டன்ராடில் பால் வடியாது. ரப்பர் இலைக்குள் இருக்கிறது. செடியை அறுத்து, காயவைத்து, இலையை உதிர்த்து, ரசாயனத்தில் கரைத்துப் பிரித்தெடுக்க வேண்டும். எடிசனுக்கு அதுதான் பிடித்திருந்தது. ஒரே பருவத்தில் வளர்ந்துவிடும், இயந்திரத்தால் அறுத்துவிடலாம். அமெரிக்கக் கூலி கொடுத்து மரம் மரமாக ஆள் போய்ச் சீவுவது கட்டுப்படியாகாது. கலப்பினம் செய்து ரப்பரின் அளவைக் கூட்டிக்கொண்டே போனார். 1931 அக்டோபரில் இறந்துபோனார். அவருக்குப் பிறகு அரசு வேளாண் துறை சில காலம் தொடர்ந்தது. கிடைத்த ரப்பர் மட்டமான ரகம், பிசுபிசுத்தது. இரண்டாம் உலகப் போரில் செயற்கை ரப்பர் பெருகியதும் கோல்டன்ராடை எல்லோரும் மறந்துபோனார்கள்.

இதை அம்மாவிடம் கதையாகச் சொன்னேன். பல்பு கண்டுபிடித்தவர் என்றதும் ஆர்வமாகக் கேட்டாள். முடித்ததும் கொஞ்ச நேரம் செடியையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு சிரித்தாள்.

"அப்ப நம்ம கை வேணாம்னுதான் அந்த மனுசன் இதத் தேடிக்கிட்டுத் திரிஞ்சாரு?"

எந்த நூலிலும் அந்தத் திட்டத்தை இவ்வளவு சுருக்கமாக யாரும் சொல்லி நான் படித்ததில்லை.

*

அன்றிரவு கால் பிடித்துவிட்டுக்கொண்டிருந்தபோது கேட்டாள். "நான் இங்க எதுக்கு ஆவுறேன், பாப்பா?"

அதே வினைச்சொல். அவள் நாடகமாகச் சொல்லவில்லை. மூட்டு வலியால் அடுப்பருகே அதிக நேரம் நிற்க முடிவதில்லை. கண்ணில் புரை அறுத்தும் ஊசியில் நூல் கோக்க வரவில்லை. ஆங்கிலம் தெரியாது, தொலைபேசியைக்கூட எடுத்துப் பேச முடியாது. ஒரு கணக்குப் பார்ப்பதுபோல் கேட்டாள்.

நான் உடனே பட்டியல் போட்டேன். நீங்க இல்லாட்டி புள்ளைக்குத் தமிழே வராது. நீங்க சொன்னாத்தான் எனக்கு மீன் குழம்பு சரியா வருது. வீட்டுல ஒரு ஆள் இருக்கீங்கங்கிற தைரியத்துலதான் நான் வேலைக்குப் போறேன். சொல்லிக்கொண்டே வரும்போது எனக்குள் ஏதோ இடறியது. சங்கத்துக்கு எழுதிய கடிதத்தின் அதே வடிவம். ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்கள். அம்மாவை வெட்டாமல் விட்டுவைப்பதற்கான காரணங்கள்.

அந்தப் பட்டியலில் ஒவ்வொன்றும் உண்மை. ஆனால் ஒவ்வொன்றும் தீர்ந்துபோகக்கூடியது. பிள்ளை வளர்ந்துவிடும். குழம்பு எனக்கே வந்துவிடும். ஒருநாள் அவளைத் தனியே விட்டுப்போவதே பயமாகிவிடும். கடைசி வரியும் அடிக்கப்பட்ட பிறகு நான் என்ன சொல்வேன்? அம்மாவும் அதைக் கணக்குப் போட்டிருக்க வேண்டும். "ம்" என்று மட்டும் சொல்லித் திரும்பிப் படுத்தாள்.

*

புலம்பெயர்ந்த நமக்கு இந்தப் பட்டியல் பழகிய ஒன்று. நான் இந்த நாட்டுக்குள் வந்ததே ஒரு பட்டியலின் பேரில்தான். என்ன படிப்பு, எத்தனை வருட அனுபவம், எந்த நிறுவனத்துக்கு எதற்காக வேண்டும். 2001-இல் நான் வேலை பார்த்த சிறிய நிறுவனம் மூடப்பட்டபோது, வேலையோடு இந்த நாட்டில் தங்கும் உரிமையும் போய்விடும் நிலை. வேறு வேலை கிடைக்கும்வரை தூங்கவில்லை. தாத்தா காலத்துக் கப்பல் எனக்கு விமானமாகத் தெரிந்தது. இன்றைக்கும் குடியேறிகளை யாராவது இழிவாகப் பேசினால் நாம் என்ன செய்கிறோம்? எங்களில் எத்தனை மருத்துவர்கள், எத்தனை பொறியாளர்கள், எவ்வளவு வரி கட்டுகிறோம் என்று எடுத்துவைக்கிறோம். நல்ல நோக்கம்தான். ஆனால் அப்படி வாதாடும்போது, எதற்கும் ஆகாதவருக்கு இங்கே இடமில்லை என்ற விதியை நாமே ஏற்றுக்கொண்டுவிடுகிறோம். அந்த விதி முதலில் தொடுவது நம் வீட்டுப் பின்வாசலில் உட்கார்ந்திருப்பவர்களை.

பழைய சீனத் தத்துவ நூலான சுவாங்சியில் ஒரு மரத்தின் கதை வருகிறது. படகுக்கும் ஆகாது, கதவுக்கும் ஆகாது, தூணுக்கும் ஆகாது என்று தச்சன் தள்ளிவிட்டுப்போன மரம். எதற்கும் ஆகாததால்தான் அது இவ்வளவு பெரிதாக வளர்ந்தது என்பது அதன் பொருள். எடிசனின் திட்டம் தோற்றதும் கோல்டன்ராடுக்கு அப்படி ஒரு விடுதலைதான். ஜெயித்திருந்தால் அது தோட்டமாகியிருக்கும். ஒரே உயரத்தில் நின்று, ஒரே நாளில் அறுபட்டிருக்கும்.

அதே நூலில் பின்னால் இன்னொரு கதை இருக்கிறது. மரத்தைப் பார்த்துவிட்டு வந்த ஞானி, இரவு நண்பர் வீட்டில் தங்குகிறார். விருந்துக்கு வாத்து அடிக்க வேண்டும். இரண்டு வாத்துகளில் ஒன்று கத்தும், ஒன்று கத்தாது. கத்தாததை அடி என்கிறார் வீட்டுக்காரர். மறுநாள் சீடன் கேட்கிறான்: மரம் பயனற்றதால் பிழைத்தது, வாத்து பயனற்றதால் செத்தது, நீங்கள் எந்தப் பக்கம்? இரண்டுக்கும் நடுவில் நிற்பேன் என்று சொல்லத் தொடங்குகிறார் ஞானி. ஆனால் அதுவும் முழுத் தப்பிப்பு இல்லை என்று அவரே ஒத்துக்கொள்கிறார். பயனின்மையைப் போற்றுவது காட்டில் நிற்கும் மரத்துக்குச் சரி. அடுத்தவர் முற்றத்தில் வாழ்கிறவருக்கு அது உதவாது. பெரட்டில் நின்றவர்களும் விசா வரிசையில் நின்றவர்களும் மரங்கள் அல்லர், வாத்துகள். கத்தித்தான் ஆகவேண்டியிருந்தது. அதனால்தான் 'பயனைப் பார்க்காதே' என்று அம்மாவிடம் உபதேசம் செய்ய எனக்கு நாக்கு எழவில்லை.

இன்னொரு காரணமும் உண்டு. அம்மா தன் வேலையை வெறுத்தவள் அல்ல. கூலியை வெறுத்தாள், தண்டலின் வாயை வெறுத்தாள், நிறுவையில் நடந்த ஏமாற்றை வெறுத்தாள். ஆனால் தன் நிரையில் ஒரு மரத்தைக்கூடக் காயப்படுத்தியதில்லை என்று இன்றும் பெருமையாகச் சொல்வாள். அந்தக் கைக்கு முன்னால் நின்று, பயன் என்பதெல்லாம் ஒன்றுமில்லை என்று சொன்னால் அது அவள் வாழ்நாளையே தள்ளிவிடுவது.

பயன் என்ற சொல்லே எனக்கு ஒரு வழி காட்டியது. அது 'பய' என்ற வேரிலிருந்து வருகிறது. பயத்தல் என்றால் விளைதல், தருதல், ஈன்றெடுத்தல். பழந்தமிழில் பயந்தவள் என்றால் பெற்றவள். முதலில் அது ஒன்று தனக்குள்ளிருந்து தருவதைக் குறித்தது. எடுப்பவர் தராசு பிடித்துப் பார்க்கும் எடையாகிப் போனது நம் புழக்கத்தில். கோல்டன்ராட் தேனீக்காகப் பூக்கவில்லை. பூக்கிறது, தேனீ வருகிறது. பட்டையைக் காயப்படுத்தாமல் சீவும் கையும், இருட்டில் கிளம்பும் முன் எனக்குச் சோறு மூடிவைத்த கையும் அம்மாவிடமிருந்து வந்தவை. கிராணியின் பேரேட்டில் ஏறியது அதில் ஒரு சின்னப் பகுதி.

அப்படியென்றால் பயனைச் சொல்வது தவறல்ல. அதை எதற்குச் சொல்கிறோம் என்பதில்தான் நியாயம் இருக்கிறது. ஒருவர் தந்ததை நன்றியோடு சொல்லலாம். எவ்வளவு வேண்டுமானாலும் சொல்லலாம். அவர் இருப்பதற்கான நிபந்தனையாக அதை வைக்கக் கூடாது. தேனீயைப் பற்றி நான் எழுதியது பொய்யல்ல. ஆனால் தேனீ வராத செடியாக இருந்திருந்தால் வெட்டுங்கள் என்று விட்டிருப்பேனா? அந்தக் கேள்விக்கு என்னிடம் இருந்த உண்மையான பதிலைக் கடிதத்தில் எழுத எனக்குத் துணிச்சல் இல்லை: அது எங்களுக்கு முன்பிருந்தே இங்கே இருக்கிறது, உயிரோடு இருக்கிறது, அதை எடுக்க வேண்டுமென்றால் காரணம் சொல்லவேண்டியது எடுப்பவர். இருப்பவர் அல்ல.

இது சொல்ல எளிது. இரவு மூன்று மணிக்கு அம்மாவைக் கைத்தாங்கலாகக் கழிப்பறைக்குக் கூட்டிப்போய், காலை ஏழு மணிக்கு வேலைக்கூட்டத்தில் உட்காரும் நாள்களில், எந்த வேர்ச்சொல்லும் என் களைப்பைப் போக்குவதில்லை. செலவும் உண்மை, முதுகுவலியும் உண்மை. சிலநாள் எரிச்சலில் குரல் உயர்ந்துவிடுகிறது. சுமை இருக்கிறது என்பதை மறைக்க நான் விரும்பவில்லை. ஆனால் சுமை கனக்கிறது என்பது ஒரு விஷயம். சுமக்கப்படுபவர் தன் எடைக்குக் கணக்குச் சொல்ல வேண்டும் என்பது வேறு விஷயம். முதலாவது என் சிக்கல். அதற்கு ஆள் தேடலாம், அண்ணனைக் கூப்பிடலாம், அழலாம். இரண்டாவதை அவள் தலையில் ஏற்றுவதுதான் தோட்டத்துக் கணக்கு.

*

அவள் கேள்விக்கு நான் சரியான பதில் இன்னும் சொல்லவில்லை. ஒருமுறை, "நீங்க எதுக்கும் ஆவ வேணாம்மா, இருங்க, அது போதும்" என்றேன். "சும்மா இருக்கச் சொல்ற" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அவள் அகராதியில் சும்மா இருப்பது மழைநாள், கூலியில்லாத நாள்.

அக்டோபர் கடைசியில் கோல்டன்ராடின் மஞ்சள் போய், விதைகள் சாம்பல்நிறப் பஞ்சாகத் திரண்டு நின்றன. தேனீக்கள் இல்லை. கடிதத்தில் நான் எழுதிய முதல் காரணம் அந்த வருடத்துக்கு முடிந்துவிட்டது. சரிவைச் சுத்தம் செய்ய வந்த ஆள் வேலிக்கு அப்பாலிருந்து, பூதான் முடிந்துவிட்டதே, வெட்டிவிடட்டுமா என்று சைகையில் கேட்டார். நான் உள்ளே தொலைபேசியில் இருந்தேன். அம்மா நாற்காலியிலிருந்து கையை ஆட்டி வேண்டாம் என்றிருக்கிறாள்.

நான் வெளியே வந்து, ஏன் வேண்டாம் என்றீர்கள் என்று கேட்டேன்.

"நிக்கிதுல்ல," என்றாள். "நிக்கட்டும்."